கட்சி நீக்கிய பிறகும் சபாநாயகர் நாற்காலியில் இருந்தவர்

நீங்கள் கேட்டது இரண்டு கேள்வி. தைவானின் வாங் ஜின்-பிங்கை 2013-ல் அவருடைய சொந்தக் கட்சியான குவோமின்டாங்கே நீக்கியது. அப்படியும் அவர் சபாநாயகர் பதவியில் எப்படி நீடித்தார் என்பது ஒன்று. அவ்வளவு செல்வாக்கு உள்ளவர் ஏன் கடைசிவரை அதிபர் வேட்பாளராகக்கூட ஆகவில்லை என்பது இன்னொன்று. இரண்டுக்கும் முடிச்சு ஒரே இடத்தில்தான் இருக்கிறது. அவருடைய பலம் சட்டமன்றக் கட்டடத்துக்குள், கதவு சாத்திய ஓர் அறையில் இருந்தது. அந்த அறைக்குள் அவரை யாராலும் அசைக்க முடியவில்லை. அதை விட்டு வெளியே வந்து தலைமைக்கு ஆசைப்பட்டபோதெல்லாம் சறுக்கினார்.

என்னைப் பற்றி ஒரு வரி. கிழக்காசிய நாடுகளின் சட்டமன்றங்களைப் பற்றிப் பல வருடமாக வகுப்பெடுக்கிறேன். மாண்டரின் மெதுவாகப் படிப்பேன். தைவான்காரர்கள் வீட்டிலும் சந்தையிலும் பேசும் ஹொக்கியன் காதில் விழுந்தால் புரியாது. வாங் பேசியதில் பாதி அந்த மொழியில்தான் என்பதால், அவருடைய சாமர்த்தியத்தில் ஒரு பகுதி எனக்கு அடுத்தவர் சொல்லித்தான் தெரியும். அப்புறம் பெயர்க் குழப்பம். தமிழில் எழுதும்போது சீன அதிபர் ஷி ஜின்பிங்கும் இவரும் ஒரே பெயர்க்காரர்கள் போலத் தெரியும். எழுத்து வேறு. இவருடைய ‘ஜின்’ தங்கம். அவருடையது ‘அருகில்’ என்று பொருள்படும் வேறொரு எழுத்து.

வாங் 1941-ல், ஜப்பானிய ஆட்சிக் காலத்தில், தெற்கே காவ்ஷியுங் பக்கத்து லூஜூவில் பிறந்தவர். தக்காளிக்குப் பேர்போன ஊர். தைவான் ஆசிரியப் பல்கலைக்கழகத்தில் கணிதம் படித்தார். 1975 டிசம்பர் தேர்தலில் ஜெயித்து, 1976 பிப்ரவரியில் சட்டமன்றத்துக்குள் நுழைந்தபோது வயது 34. அது எப்படிப்பட்ட சட்டமன்றம் என்று தெரிந்தால்தான் மற்றது விளங்கும். தைவானில் அதற்கு லெஜிஸ்லேட்டிவ் யுவான் என்று பெயர்; நான் சட்ட யுவான் என்றே எழுதுகிறேன். அதில் உட்கார்ந்திருந்தவர்களில் பெரும்பாலோர் 1948-ல் சீனப் பெருநிலத்தில் தேர்வானவர்கள். அந்த நிலம் கம்யூனிஸ்டுகள் கைக்குப் போய்விட்டதால் அங்கே மறுதேர்தல் நடத்த முடியாது. ஆகவே பழைய உறுப்பினர்கள் அப்படியே தொடரலாம் என்பது அன்றைய நியாயம். ஜனங்கள் அதைக் கேலியாகப் ‘பத்தாயிரம் வருட நாடாளுமன்றம்’ என்றார்கள். தைவானுக்கென்று கொஞ்சம் இடங்களைச் சேர்த்து அதற்கு மட்டும் தேர்தல் வைத்தார்கள். அப்படி வந்த ‘கூடுதல்’ உறுப்பினர்களில் ஒருவர்தான் வாங். பழைய ஆட்கள் 1991 முடிவுக்குள் வெளியேற வேண்டும் என்று அரசியல் சட்ட விளக்கம் எண் 261 உத்தரவிட்டது 1990-ல். முழுச் சட்டமன்றத்துக்கும் தேர்தல் நடந்தது 1992-ல். அதற்குள் வாங்குக்கு அந்தக் கட்டடத்தில் பதினாறு வருடப் பழக்கம்.

அந்தப் பதினாறு வருடத்தில் அவர் கற்றுக்கொண்டது உள்ளூர் அரசியல். காவ்ஷியுங் மாவட்டத்தில் அன்றைக்கு மூன்று கோஷ்டிகள்: சிவப்பு, வெள்ளை, கறுப்பு. கறுப்புக் கோஷ்டி யூ குடும்பத்தின் கையில் இருந்தது. அது பின்னாளில் ஜனநாயக முற்போக்குக் கட்சியோடு சேர்ந்தது. வெள்ளைக் கோஷ்டிக்குத் தலைமை வாங்கிடம் வந்தது. கோஷ்டி என்றால் கொள்கை வேறுபாடு என்று நினைத்துவிடாதீர்கள். விவசாயிகள் சங்கம், மீனவர் சங்கம், பாசன சங்கம், ஊர்க் கோயில் கமிட்டி, கடன் சங்கம் என்று வாக்கு சேரும் இடங்களையெல்லாம் கோர்த்து வைத்திருக்கும் வலை அது. தைவானில் உறுப்பினரின் வார இறுதியைச் ‘சிவப்பும் வெள்ளையும்’ என்பார்கள். சிவப்பு உறையில் வருவது கல்யாண அழைப்பு, வெள்ளை உறையில் வருவது சாவுச் செய்தி. இரண்டுக்கும் போய்த் தலைகாட்டாதவர் அடுத்த தேர்தலில் அனுபவிப்பார். வாங் இதில் சளைக்காதவர் என்று அவருடைய எதிரிகளே ஒப்புக்கொள்வார்கள்.

1993-ல் துணைச் சபாநாயகர், 1999 பிப்ரவரி 1-ல் சபாநாயகர். அங்கிருந்து 2016 பிப்ரவரி 1 வரை சரியாக 17 வருடம். இடையில் என்னவெல்லாம் நடந்தது பாருங்கள். 2000-ல் முற்போக்குக் கட்சியின் சென் ஷுய்-பியான் அதிபரானார். அரை நூற்றாண்டாக ஆண்ட குவோமின்டாங் முதல்முறையாக அதிபர் பதவியை இழந்தது. 2001 டிசம்பர் தேர்தலில் 225 இடங்களில் முற்போக்குக் கட்சிக்கு 87, குவோமின்டாங்குக்கு 68. தன் கட்சி இரண்டாம் இடத்துக்கு இறங்கிய சபையிலும் வாங்தான் மறுபடி சபாநாயகர். 2008-ல் சபை 113 இடங்களாகச் சுருங்கியது, அவருடைய கட்சி பெரும்பான்மையோடு திரும்பியது, அப்போதும் அவரே. ஆட்சி மாறினாலும், சபையின் அளவே மாறினாலும் நாற்காலி மாறவில்லை.

இப்போது அந்த அறைக்கு வருவோம். 1999 ஜனவரியில் சட்டமன்றச் சீர்திருத்தத்துக்காக ஐந்து சட்டங்கள் நிறைவேறின. அதில் ஒன்று, கட்சிக் குழுக்களுக்கு இடையிலான பேச்சுவார்த்தையை அதிகாரபூர்வமான நடைமுறையாக்கியது. ஒரு மசோதா சபையின் பரிசீலனைக் குழுவில் சிக்கிக்கொண்டால் சபாநாயகர் எல்லாக் கட்சிக் குழுக்களையும் கூப்பிட்டு உட்கார வைப்பார். உடன்பாடு வந்தால் ஒவ்வொரு குழுவின் பிரதிநிதியும் கையெழுத்துப் போட வேண்டும். வராவிட்டால், பின்னாளில் வந்த விதிப்படி, ஒரு மாதம் கிடப்பில் கிடக்கும். அதன் பிறகுதான் வாக்கெடுப்பு. இதில் வேடிக்கை என்னவென்றால், கட்சிக் குழு அமைக்க மூன்று பேர் இருந்தால் போதும். 2012-ல் வந்த சபையில் குவோமின்டாங்குக்கு 64 பேர். தைவான் ஒற்றுமை ஒன்றியத்துக்கும் மக்கள் முதன்மைக் கட்சிக்கும் தலா 3 பேர். அறைக்குள் போய்விட்டால் 64 பேரின் கையெழுத்துக்கும் 3 பேரின் கையெழுத்துக்கும் ஒரே மதிப்பு.

வெளியே பிரதான சபையில் என்ன நடக்கும் என்பதை நீங்கள் வீடியோவில் பார்த்திருப்பீர்கள். என் மாணவர்கள் முதல் வகுப்பில் கேட்பதே அந்த அடிதடியைப் பற்றித்தான். சபாநாயகர் மேடையை எதிர்க்கட்சியினர் சூழ்ந்துகொள்வார்கள், ஒலிபெருக்கியைப் பிடுங்குவார்கள், வெளிக்கதவைச் சங்கிலியால் கட்டுவார்கள். பெரும்பான்மை இருந்தும் மசோதாவை வாசிக்கவே முடியாது. அந்த நேரத்தில் ஒரு சபாநாயகர் செய்யக்கூடியது இரண்டு: காவலர்களை அழைத்து இழுத்துப் போடச் சொல்லலாம், அல்லது கூட்டத்தை ஒத்திவைத்து எல்லோரையும் அறைக்குக் கூப்பிடலாம். வாங் விடாமல் இரண்டாவதையே செய்தார். ஹொக்கியனில் இதற்கு ‘ச்சியாவ்’ என்று ஒரு சொல் உண்டு. மேசை நாற்காலியை இப்படியும் அப்படியும் தள்ளிச் சரியாகப் பொருத்துவதும் ச்சியாவ். பிசகின மூட்டை வைத்தியர் தட்டிச் சேர்ப்பதும் ச்சியாவ். ஆளுக்கு ஆள் பேசிக் காரியத்தைச் சரிக்கட்டுவதும் ச்சியாவ். அதில் அவர் ராஜா. பட்டப்பெயர் ‘கோங்தாவ் போ’. ‘போ’ என்றால் அப்பாவின் அண்ணன். நியாயம் பேசும் பெரியப்பா என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த அறையைப் பற்றி எனக்கு இரண்டு மனம். சின்னக் கட்சிகளை நசுக்காமல் வைத்ததும், அடிதடி சபையில் சட்டங்கள் நிறைவேறியதும் இதனால்தான். ஆனால் யார் எதை விட்டுக்கொடுத்து எதை வாங்கிக்கொண்டார்கள் என்பதற்கு வாக்காளர் பார்க்கும்படியான பதிவு பெரும்பாலும் இல்லை. பரிசீலனைக் குழுவில் மாதக்கணக்கில் விவாதித்த வாசகம், அறைக்குள் போய்த் திரும்பும்போது வேறு வாசகமாக இருக்கும். வாங் இன்ன மசோதாவுக்கு இன்ன பேரம் நடத்தினார் என்று எழுதப்பட்டிருக்கும் கதைகளில் பலவற்றுக்குச் சாட்சி, கதை சொல்பவர் மட்டும்தான். அவற்றை நான் வகுப்பில் சொல்வதில்லை.

அறைக்கு வெளியே அவர் முதலில் சறுக்கியது 2005 ஜூலையில், குவோமின்டாங் தலைவர் தேர்தலில். எதிரே மா யிங்-ஜியோ. தைபே நகர மேயர், ஹாங்காங்கில் பிறந்து பெருநிலக் குடும்பத்திலிருந்து வந்தவர், கறைபடாதவர் என்ற பிம்பம். வாங் தெற்கத்திக்காரர், உள்ளூர்த் தைவானியர். சட்டமன்றச் சகாக்களும் கோஷ்டித் தலைவர்களும் அவர் பக்கம். வாக்குப் போட்டவர்கள் கட்சி உறுப்பினர்கள். அதில் பெரும்பாலும் பெருநிலத்திலிருந்து வந்த, ஓய்வுபெற்ற ராணுவத்தினரும் அவர்களுடைய குடும்பங்களும் பெரிய தொகுதி; அவர்களுக்கு வாங் வேற்றாள். முடிவு: மாவுக்கு 72 சதவீதம், வாங்குக்கு 28-க்கும் குறைவு. உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பாதிப் பதில் இதிலேயே இருக்கிறது. சகாக்களிடம் சேர்த்த நன்றிக்கடன் பெரிய தேர்தலில் வாக்காக மாறவில்லை. ‘கோஷ்டி அரசியல்வாதி’ என்ற முத்திரை நகரத்து வாக்காளரிடம் ஒட்டிக்கொண்டது. அது முழுக்க நியாயமான முத்திரையா என்றால், பாதி நியாயம் என்பேன். கோஷ்டியை வைத்துப் பிழைத்தது அவர் மட்டுமல்ல. கட்சியே அதை வைத்துத்தான் பல பத்தாண்டுகள் கிராமங்களில் ஜெயித்தது.

2008-ல் மா அதிபரானார். தன் கட்சிக்குப் பெரும்பான்மை இருந்தும் மசோதாக்கள் அந்த அறையில் தேங்குவது அவருக்கு எரிச்சலாக இருந்தது. 2013 ஜூனில் சீனாவோடு சேவை வர்த்தக ஒப்பந்தம் கையெழுத்தானபோது, அதைப் பிரிவு பிரிவாகப் பரிசீலித்து வாக்கெடுக்க வேண்டும் என்று வாங்கின் அறையில் உடன்பாடு எழுதப்பட்டது. மொத்தமாக நிறைவேற்றிவிடலாம் என்று இருந்த அரசுக்கு அது முட்டுக்கட்டை.

அதே ஆண்டு செப்டம்பரில் வெடித்தது. முற்போக்குக் கட்சியின் சட்டமன்றக் குழுத் தலைவர் கேர் சியென்-மிங். பல் வைத்தியராக இருந்து அரசியலுக்கு வந்தவர், 1993 முதல் உறுப்பினர், அந்த அறையில் வாங்குக்கு எதிரே பல வருடம் உட்கார்ந்தவர். அவர் மீதிருந்த ஒரு வழக்கில் உயர் நீதிமன்றம் அவரை விடுவித்தது. அரசுத் தரப்பு மேல்முறையீடு செய்யாமல் பார்த்துக்கொள்ளும்படி கேர் வாங்கிடம் கேட்டார், வாங் நீதித்துறை அமைச்சரிடமும் உயர் வழக்கறிஞர் ஒருவரிடமும் பேசினார் என்பது குற்றச்சாட்டு. ஆதாரம், கேரின் தொலைபேசியை ஒட்டுக்கேட்டது. தலைமை அரசு வழக்கறிஞர் ஹுவாங் ஷி-மிங் அதை ஆகஸ்ட் 31 இரவு அதிபர் இல்லத்துக்கே போய்ச் சொன்னார். செப்டம்பர் 6-ல் விஷயம் வெளியே வந்தது. அமைச்சர் அன்றே ராஜினாமா செய்தார். வாங் அன்று ஊரிலேயே இல்லை. மகள் கல்யாணத்துக்காக மலேசியாவுக்குப் போயிருந்தார். அங்கே கல்யாணம் நடக்க, தைபேயில் அதிபரே செய்தியாளர்களைக் கூட்டி வாங் மீது குற்றம் சாட்டினார். சிவப்பு உறைக்கெல்லாம் தவறாமல் போன மனிதரின் வீட்டுச் சிவப்பு உறை அப்படி முடிந்தது.

10-ஆம் தேதி இரவு தாவ்யுவான் விமான நிலையத்தில் இறங்கியபோது ஆதரவாளர் கூட்டம் காத்திருந்தது. தான் சிபாரிசு எதுவும் செய்யவில்லை என்று மறுத்தார்; கட்சியை விட்டுப் போக மாட்டேன் என்றார். மாவைத் திட்டவில்லை. மறுநாள் கட்சியின் ஒழுங்கு நடவடிக்கைக் குழு அவருடைய உறுப்புரிமையை ரத்து செய்தது. இங்கேதான் சூட்சுமம். 113 உறுப்பினர்களில் 34 பேர் தொகுதி இல்லாமல் கட்சிப் பட்டியல் வழியாக வருபவர்கள். வாங் அப்போது பட்டியல் உறுப்பினர். பட்டியல் உறுப்பினருக்குக் கட்சி உறுப்புரிமை போனால் சட்டமன்ற இடமும் போகும். இடம் போனால் சபாநாயகர் பதவியும் போகும். கட்சித் தலைவரான மாவுக்கு வாங்கைச் சபையில் வாக்கெடுத்து இறக்கத் தேவையே இல்லை. கட்சி அலுவலகத்தில் ஒரு காகிதம் போதும்.

வாங் அன்றே தைபே மாவட்ட நீதிமன்றத்துக்குப் போனார். வழக்கு முடியும்வரை கட்சி உறுப்பினராகத் தொடர இடைக்கால உத்தரவு 13-ஆம் தேதி கிடைத்தது. அதற்கு அவர் கட்ட வேண்டிய பிணைத்தொகை 93 லட்சத்து 80 ஆயிரம் தைவான் டாலருக்குக் கொஞ்சம் கூட. மாத இறுதியில் உயர் நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. மூல வழக்கின் தீர்ப்பு அடுத்த ஆண்டு வந்தது. அரசியல் கட்சியும் சட்டத்தின் கண்ணில் ஒரு மக்கள் அமைப்புதான். உறுப்பினரை வெளியேற்றுவதற்கு அமைப்புச் சட்டம் சொல்லும் முறை இருக்கிறது. இந்தக் குழு செய்தது அந்த முறைப்படி இல்லை. தர்க்கம் ஏறக்குறைய இவ்வளவுதான். அதாவது அவர் சிபாரிசு செய்தாரா இல்லையா என்பதை அந்த வழக்கு தீர்மானிக்கவில்லை. நீக்கிய முறை செல்லாது என்றது. இதை நிறையப் பேர் கலந்துகட்டி எழுதுகிறார்கள். சிபாரிசு விஷயத்தில் உறுதியாகச் சொல்லக்கூடியது இதுதான்: தொலைபேசிப் பேச்சு நடந்தது, அதற்காக வாங் மீதோ கேர் மீதோ குற்றத் தீர்ப்பு வரவில்லை. தண்டனை பெற்றது ஹுவாங், ரகசியத்தை வெளியே சொன்னதற்காக. மா மீதும் பின்னாளில் அதே விவகாரத்தில் வழக்கு வந்தது, 2019-ல் விடுவிக்கப்பட்டார். அரசு ஒட்டுக்கேட்ட எண்களில் ஒன்று சட்ட யுவானின் பொதுத் தொலைபேசி எண் என்று தெரியவந்ததும் பேச்சு ‘சபாநாயகர் செய்தது சரியா’ என்பதிலிருந்து ‘சட்டமன்றத்தையே ஒட்டுக்கேட்டார்களா’ என்று திரும்பிவிட்டது. 2013 செப்டம்பரில் ஒரு கருத்துக்கணிப்பில் மாவின் ஆதரவு 9.2 சதவீதம்.

ஆக உங்கள் முதல் கேள்விக்கு நேரான பதில் நீதிமன்றம். ஆனால் நீதிமன்றம் கொடுத்தது நேரம்தான். அந்த நேரத்தில் சபைக்குள் அவரை இறக்க யாரும் முன்வரவில்லை என்பதற்கு அந்த அறையில் சேர்த்த நன்றிக்கடன் காரணம் என்பது என் கணிப்பு. எதிர்க்கட்சி அவரைப் பாதுகாத்தது. சொந்தக் கட்சியில் பலர் வாய் திறக்கவில்லை.

அடுத்த காட்சி 2014 மார்ச். 17-ஆம் தேதி, சபையின் உள்நாட்டு நிர்வாகப் பரிசீலனைக் குழுவுக்குத் தலைமை தாங்கிய குவோமின்டாங் உறுப்பினர் ஒருவர், சேவை வர்த்தக ஒப்பந்தத்தின் பரிசீலனை முடிந்தது என்று முப்பது விநாடியில் அறிவித்தார். மறுநாள் இரவு மாணவர்கள் வேலியேறிக் குதித்து சபைக்குள் புகுந்து, நாற்காலிகளைக் கதவுகளுக்கு முட்டுக்கொடுத்து உட்கார்ந்துவிட்டார்கள். சூரியகாந்தி இயக்கம் என்று பெயர் வந்தது. அதற்கு அடுத்த நாள், 19-ஆம் தேதி, நீக்க வழக்கில் வாங்குக்குச் சாதகமான தீர்ப்பு. வழக்கில் ஜெயித்துக் காப்பாற்றிய நாற்காலியில் உட்கார முடியாதபடி மாணவர்கள் நிறைந்திருந்தார்கள்.

சட்டமன்ற வளாகத்துக்குள் போலீஸ் பலத்தைப் பயன்படுத்துவதா என்பது சபாநாயகர் முடிவு. வாங் அந்த உத்தரவைக் கொடுக்கவில்லை. அதிபர் கூட்டிய உயர்மட்டக் கூட்டத்துக்கும் போகவில்லை. 23-ஆம் தேதி இரவு பக்கத்திலேயே இருக்கும் பிரதமர் அலுவலகத்தை இன்னொரு கூட்டம் ஆக்கிரமித்தபோது, அங்கே அதிகாரம் பிரதமரிடம். விடிவதற்குள் தடியும் தண்ணீர்ப் பீரங்கியும் வந்தன. இரண்டு கட்டடத்துக்கும் இடையில் நடந்துபோகும் தூரம்தான். ஏப்ரல் 6-ஆம் தேதி காலை வாங் மாணவர்கள் இருந்த இடத்துக்கே போனார். சீன ஒப்பந்தங்களைக் கண்காணிக்கும் சட்டம் வராமல், இந்த ஒப்பந்தத்துக்காகக் கட்சிப் பேச்சுவார்த்தையைக் கூட்ட மாட்டேன் என்று அறிவித்தார். கவனியுங்கள், அவர் கொடுத்த வாக்குறுதி ஒப்பந்தத்தைப் பற்றியதே அல்ல. தன் அறைக் கதவைத் திறக்க மாட்டேன் என்பதுதான். 10-ஆம் தேதி மாணவர்கள் வெளியேறினார்கள். ஒப்பந்தம் அதன் பிறகு நிறைவேறவே இல்லை. சொந்தக் கட்சியினர், எங்களிடம் முன்கூட்டிச் சொல்லவில்லையே என்று கொதித்தார்கள்.

இது மாவைப் பழிவாங்கியதா, கொள்கையா? இரண்டு பக்கமும் சத்தியம் செய்வார்கள். பலத்தைப் பயன்படுத்தாமல் இழுத்தடித்து உட்கார வைப்பது அவருக்கு 1999 முதல் வழக்கம் என்பதால், மா இல்லாமல் வேறு யார் அதிபராக இருந்திருந்தாலும் அவர் போலீஸை அனுப்பியிருக்க மாட்டார் என்று நினைக்கிறேன். அந்த ஏப்ரல் 6 அறிவிப்பைக் கட்சிக்குச் சொல்லாமல் செய்ததில் மட்டும் செப்டம்பரின் காயம் தெரிகிறது.

2015-ல் எரிக் சூ கட்சித் தலைவராக வந்ததும் நீக்க வழக்கை மேலே கொண்டுபோகாமல் விட்டார். மாவுக்கு அது பிடிக்கவில்லை. அந்த ஆண்டு அதிபர் வேட்பாளர் போட்டிக்கு வாங் வருவார் என்று எல்லோரும் காத்திருக்க, அவர் மனு வாங்கவே போகவில்லை. அவருடைய துணைச் சபாநாயகர் ஹுங் ஷியு-சூ துணிந்து இறங்கி வேட்பாளரானார். அக்டோபரில் கட்சி அவரை மாற்றிவிட்டு சூவை நிறுத்தியது. தேர்தலில் முற்போக்குக் கட்சி 68 இடம் வாங்கியது, குவோமின்டாங்குக்கு 35. பதினேழு வருடத்துக்குப் பிறகு சபாநாயகர் நாற்காலி கைமாறியது. 2019 மார்ச்சில், 77 வயது முடியும் தறுவாயில், அதிபர் தேர்தலில் நிற்பதாக வாங் அறிவித்தார். ஜூனில் கட்சியின் உள்போட்டியிலிருந்து விலகினார், வேறு கட்சியின் துணையோடு நிற்பாரா என்று நவம்பர்வரை இழுத்தது, கடைசியில் நிற்கவில்லை. அறைக்குள் கைகொடுத்த குணம்தான் இங்கே காலை வாரியது. எல்லோரும் வந்து உட்காரும்வரை காத்திருப்பவருக்கு, யாரும் கூப்பிடாமல் தானே எழுந்து ‘நான் வருகிறேன்’ என்று உரிய நேரத்தில் சொல்ல வரவில்லை. உள்ளூர்த் தைவானியர் என்பதால் கட்சியின் பழைய ரத்தம் அவரை ஏற்கவில்லை என்ற விளக்கமும் உண்டு. 2005-க்கு அது பொருந்தும், 2015-க்கு அவ்வளவாகப் பொருந்தாது. அதற்குள் கட்சியே பலவீனமாகி, ஆள் தேடிக்கொண்டிருந்தது.

2020 ஜனவரி 31-ல் அவருடைய உறுப்பினர் காலம் முடிந்தது. 44 வருடம், ஆறு அதிபர்கள். கடைசி நான்கு வருடம் சாதாரண உறுப்பினராக உட்கார்ந்திருந்தார். அவருக்கு அடுத்து வந்த சபாநாயகர் சு ஜியா-சுவான் காலத்தில் கட்சிப் பேச்சுவார்த்தை நடக்கும் அறையில் கேமரா வைத்து நேரடியாக ஒளிபரப்பத் தொடங்கினார்கள். இணையத்தில் கிடைக்கிறது, மொழி புரியாவிட்டாலும் பத்து நிமிடம் பாருங்கள். ஒரு நீள மேசை, தேநீர்க் கோப்பைகள், காகிதக் கட்டுகள், கேமராவைப் பார்த்தே பேசுகிற உறுப்பினர்கள்.